சீரான வேகத்தில் ஓர் அவசர ஊர்தி

அவசர ஊர்தி மையத்தின் வாசலில் ஒரு பலகை இருந்தது. 'இங்கிருந்து புறப்பட்ட எந்த ஊர்தியும் இதுவரை தாமதமாகச் சென்றதில்லை' என்று அதில் எழுதியிருந்தார்கள். அதைப் பொய் என்று யாரும் சொல்லிவிட முடியாது. வண்டி போய்ச் சேர்ந்த நேரத்தைக் கடிகாரம் பார்த்து எழுதும் கெட்ட பழக்கம் அந்த மையத்தில் கிடையாது. கணக்குப் போட்டுத்தான் எழுதுவார்கள்.

ஒரு காலத்தில் அவர்களும் கடிகாரம் பார்த்தவர்கள்தான். தணிக்கைக்கு வந்த ஒரு புண்ணியவான் பதிவேட்டைப் புரட்டிவிட்டு, 'ஒரே வண்டி, ஒரே தெரு, ஒரே தூரம். திங்கட்கிழமை இருபது நிமிடம், வியாழக்கிழமை முப்பத்தைந்து நிமிடம். முரண்பாட்டுக்கு விளக்கம் தேவை' என்று சிவப்பு மையில் எழுதிவிட்டுப் போனார். விளக்கம் எழுத ஆள் அகப்படாததால் கடிகாரத்தைக் கழற்றிவிட்டார்கள். ஊர்தியின் வேகம் மணிக்கு அறுபது கிலோமீட்டர் என்று ஓர் ஆணை வந்தது. தூரத்தை வேகத்தால் வகுத்தால் நேரம். ஏழாம் வகுப்புப் பிள்ளைகூடச் சொல்லிவிடும். அன்றிலிருந்து எல்லா வண்டிகளும் ஒழுங்காகப் போய்ச் சேர்ந்துகொண்டிருந்தன.

அந்தப் பலகைக்குக் கீழே மனுவும் கையுமாக வந்து நின்றவர் ஒரு கணக்கு வாத்தியார். இருபத்தாறு வருடமாக ஏழாம் வகுப்புக்கு வேகமும் தூரமும் நடத்துகிறவர். மணிக்கு இத்தனை கிலோமீட்டர் என்பதை நொடிக்கு இத்தனை மீட்டராக மாற்ற ஐந்தால் பெருக்கிப் பதினெட்டால் வகு என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார். மனுவில் அவர் கேட்டிருந்தது ஒரே ஒரு திருத்தம். அவருடைய மனைவிக்காக அழைத்த வண்டி பத்து இருபத்திரண்டுக்கு வீடு வந்து சேர்ந்ததாக மையத்தின் பதிவேடு சொன்னது. அது வந்தது பத்து ஐம்பத்தேழுக்கு. அதற்கு எட்டு நிமிடம் முன்பே அவள் போய்விட்டாள்.

அன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை. துவைத்த துணிகளை மடித்துக்கொண்டிருந்தவள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அப்படியே கட்டிலில் சாய்ந்தாள். வேர்வை ஊற்றியது. வாத்தியார் மையத்துக்குப் போன் செய்தபோது மணி பத்து பத்து. போனை வைத்ததும் அவள், "வர எவ்வளவு நேரம் ஆகும்ங்க?" என்று கேட்டாள். ஆஸ்பத்திரி வளாகத்துக்குள் இருந்த அந்த மையம் வீட்டிலிருந்து பன்னிரண்டு கிலோமீட்டர். வாத்தியார் வாய் யோசிக்காமல் சொல்லிவிட்டது. "பன்னிரண்டு நிமிஷம்."

போனில் வாத்தியார் போட்ட சத்தம் கேட்டுப் பக்கத்து வீட்டு டெம்போக்காரர் வந்தார். சந்தைக்குக் காய்கறி மூட்டை ஏற்றுகிறவர். "சார், வண்டி வாசல்லதான் நிக்குது. அக்காவைத் தூக்கிட்டுப் போயிடலாம்" என்றார். வாத்தியார் வேண்டாம் என்றார். டெம்போவில் குலுங்கும், ஊர்தியில் ஆக்சிஜன் இருக்கும், பன்னிரண்டே நிமிடம்தான் என்று காரணங்களை வரிசையாகச் சொன்னார். டெம்போக்காரர் இன்னொரு தரம் கேட்டார். "நான்தான் சொல்றேனே" என்று வாத்தியார் கொஞ்சம் அதட்டியே விட்டார். அவர் வெளியே போனார். அதற்குப் பிறகு வாத்தியாரைப் பார்த்தால் தலையைக் குனிந்துகொண்டு போய்விடுவார்.

பன்னிரண்டு நிமிடமும் போனது, அதற்கு மேல் இன்னொரு பன்னிரண்டும் போனது. அவள் மறுபடி கேட்டாள். "இதோ வந்துடும்" என்றார். மையத்துக்குப் போன் போட்டால், வண்டி வந்துவிட்டதாகவே அங்கே எழுதியிருக்கிறது என்றார்கள். அவர் தெருமுனை வரை ஓடிப் பார்த்துவிட்டு வந்தார். அரை மணி ஆனபோது அவள் லேசாகச் சிரித்து, "உங்க கணக்குல பஸ் எல்லாம் எப்பவும் நேரத்துக்கு வருது. நம்ம வீட்டுக்குத்தான் ஒண்ணும் வர மாட்டேங்குது" என்றாள். அவள் முழுசாகப் பேசிய கடைசி வாக்கியம் அதுதான். பத்து நாற்பத்தொன்பதுக்கு அவர் பிடித்திருந்த கை கனத்துப்போனது.

காசு பணம் கேட்டு அவர் வரவில்லை. யாரையும் வேலையை விட்டுத் தூக்கச் சொல்லவும் வரவில்லை. நாற்பத்தேழு நிமிடம் என்று கோப்பில் ஒரு வரி இருக்க வேண்டும், அவ்வளவுதான். அவள் காத்துக் கிடந்த நேரம் நடக்கவே இல்லை என்று ஒரு காகிதம் சொல்வதை அவரால் தாங்க முடியவில்லை.

வருகை நேரப் பிரிவின் எழுத்தர் மனுவை வாங்கிப் படித்தார். நல்ல மனிதர். உட்காரச் சொல்லி நாற்காலியைத் துடைத்துக்கூடக் கொடுத்தார்.

"என்ன வேலை பார்க்கறீங்க?"

"ஸ்கூல்ல கணக்கு வாத்தியார்."

எழுத்தர் முகம் மலர்ந்தது. "அப்ப என் வேலை சுலபமாப் போச்சு. சாதாரண ஜனங்களுக்குச் சொல்லிப் புரிய வைக்கறதுக்குள்ள உயிர் போயிடும் சார்." ஒரு தாளையும் பேனாவையும் வாத்தியார் பக்கம் தள்ளினார். "நீங்களே போடுங்க. பன்னிரண்டு கிலோமீட்டர். மணிக்கு அறுபது."

வாத்தியார் போட்டார். இரண்டு தரம் போட்டார்.

"எவ்வளவு வருது?"

"பன்னிரண்டு நிமிஷம்."

"தப்பு ஏதாவது இருக்கா?"

"கணக்குல தப்பு இல்லை. வண்டிதான் வரலை."

"கணக்கு சரியா இருக்கறப்ப வண்டி எப்படி சார் வராம இருக்கும்?" என்று எழுத்தர் உண்மையிலேயே புரியாமல் கேட்டார்.

"என் வீட்டுக் கடிகாரத்துல பார்த்தேன்."

"கடிகாரத்தை நாங்க சாட்சியா எடுத்துக்கறதில்லை. அது நாளுக்கு ஒண்ணு காட்டும். இன்னும் திருப்தி இல்லைன்னா மாடியில மேல்முறையீடு இருக்கு."

மறுநாள் பள்ளிக்கூடத்தில் அதே பாடம் நடத்த வேண்டியிருந்தது. விதியின் விளையாட்டு என்று சொல்ல ஒன்றுமில்லை, பாடத்திட்டத்தில் அந்த மாதத்துக்கு அதுதான் இருந்தது. 'ஒரு வண்டி சீரான வேகத்தில் செல்கிறது' என்று கரும்பலகையில் எழுதியவர் அதற்கு மேல் எழுதவில்லை. இருபத்தாறு வருடமாக எழுதிய வரி. அந்த வண்டி ஒரு சிக்னலிலும் நின்றதில்லை, அதற்கு டீசல் தீர்ந்ததில்லை, அதன் குறுக்கே ஒரு மாடுகூட வந்ததில்லை. இத்தனை பிள்ளைகளிடம் இத்தனை வருடமாக இதைச் சொல்லிக்கொடுத்தோமே என்று அவருக்கு வெட்கமாக இருந்தது. பிள்ளைகள் சத்தம் போடாமல் உட்கார்ந்திருந்தார்கள். வீட்டில் நடந்தது அவர்களுக்கும் தெரியும்.

மேல்முறையீட்டுப் பிரிவு மாடித் தாழ்வாரத்தில் எட்டு மேசைகளாக நீண்டிருந்தது. ஒரு மேசையில் போட்ட கணக்கை அடுத்த மேசை வேறு அலகில் போட்டுச் சரிபார்க்க வேண்டும் என்பது விதி. முதல் மேசை மணிக்குக் கிலோமீட்டரை நொடிக்கு மீட்டராக மாற்றும். இரண்டாவது மேசை அதை மறுபடி கிலோமீட்டராக்கும். மூன்றாவது மேசை மறுபடி மீட்டர். இப்படி எட்டு மேசை. உயிர் காக்கும் பணியில் பின்னத்துக்கு இடமில்லை என்பதால், புள்ளிக்குப் பின்னால் எது வந்தாலும் அடுத்த முழு எண்ணாக்கிவிட வேண்டும் என்றும் ஒரு விதி இருந்தது.

முதல் மேசையில் இருந்த அம்மாள் அறுபதை ஐந்தால் பெருக்கிப் பதினெட்டால் வகுத்தார். பதினாறு புள்ளி ஆறு ஆறு என்று வந்தது. பதினேழு என்று எழுதினார்.

"மேடம், வண்டி இப்ப முன்னைவிட வேகமாப் போகுதே" என்றார் வாத்தியார்.

"பின்னம் வரக்கூடாதுங்க."

"அப்ப பதினாறுன்னு போடலாமே."

அம்மாள் நிமிர்ந்து பார்த்தார். "ஊர்தியோட வேகத்தைக் குறைக்கச் சொல்றீங்களா? அதுல நோயாளி இருப்பாங்க சார். கொஞ்சம் யோசிச்சுப் பேசுங்க."

இரண்டாவது மேசை பதினேழை அறுபத்திரண்டு கிலோமீட்டர் ஆக்கியது. மூன்றாவதில் நொடிக்குப் பதினெட்டு மீட்டர். நான்காவதில் மணிக்கு அறுபத்தைந்து. மனு நகர நகர வண்டி வேகம் பிடித்தது. ஆறாவது மேசைக்கு வந்தபோது அறுபத்தொன்பதில் பறந்துகொண்டிருந்தது. நீதி கேட்டுப் போனவர் ஒவ்வொரு மேசையாக நகர்ந்து, அந்த வண்டியைத் தம் கையாலேயே தள்ளிவிட்ட கதையாகிவிட்டது.

ஏழாவது மேசை நொடிக்கு இருபது மீட்டர் என்றது. எட்டாவது மேசைக்காரர் இருபதைப் பதினெட்டால் பெருக்கி ஐந்தால் வகுத்தார். எழுபத்திரண்டு. மிச்சம் எதுவும் இல்லை. இனி எத்தனை மேசை போனாலும் இருபதும் எழுபத்திரண்டும்தான் மாறி மாறி வரும், இதற்கு மேல் வேகம் கூடாது என்று வாத்தியாருக்குப் பளிச்சென்று பட்டது. நல்ல கணக்கு, பிள்ளைகளுக்குக் கொடுக்கலாம் என்று ஒரு கணம் மனம் துள்ளியது. அடுத்த கணம் தாம் எதற்காக அங்கே நிற்கிறோம் என்பது நினைவுக்கு வந்து, தம் மேலேயே அருவருப்பு வந்தது. எட்டாவது மேசைக்காரர் ஆணையை நீட்டினார். ஊர்தி பத்து இருபதுக்கே வந்துவிட்டதாக அதில் இருந்தது. மேல்முறையீட்டில் வாத்தியாருக்கு இரண்டு நிமிடம் நஷ்டம்.

கடைசியாக மிச்சம் இருந்தவர் தலைமை அலுவலர். அவரைப் பார்க்க வாத்தியார் நான்கு தரம் வந்து திரும்பினார். ஐந்தாம் தரம் உள்ளே விட்டார்கள். பெரிய அறை. சுவரில் கடிகாரம் மாட்டியிருந்த இடம் மட்டும் வட்டமாக வெளுத்துத் தெரிந்தது. அலுவலர் எழுந்து நின்று கைகூப்பினார்.

"வாத்தியாருங்க மேல எனக்குப் பெரிய மரியாதை சார். இந்த மையம் இவ்வளவு தூரம் வளர்ந்திருக்குன்னா நீங்க சொல்லிக்கொடுத்த கணக்குதான் காரணம். நான் பொறுப்புக்கு வந்தப்ப நூறு வண்டியில எழுபது வண்டி லேட்டு. இன்னைக்கு ஒண்ணுகூட லேட்டு இல்லை. இத்தனைக்கும் புதுசா ஒரு வண்டி வாங்கலை, ஒரு டிரைவர் போடலை. இருந்த வண்டியிலயும் பாதி ஷெட்டுலதான் நிக்குது. அப்படியும் சாதிச்சிருக்கோம். வெளியூர்லேர்ந்து எல்லாம் வந்து பார்த்துட்டுப் போறாங்க."

"என் மனைவி செத்துப்போயிட்டாங்க" என்றார் வாத்தியார்.

"தெரியும். கோப்புல பார்த்தேன். மனசுக்குக் கஷ்டமா இருந்தது." அலுவலர் குரலைத் தாழ்த்திக்கொண்டார். "உங்க நல்லதுக்கு ஒண்ணு சொல்றேன், தப்பா எடுத்துக்காதீங்க. பக்கத்து வீட்டுக்காரர் வண்டி தர்றேன்னு சொல்லியும் நீங்க வேண்டாம்னு சொன்னதா உங்க மனுவுலயே எழுதியிருக்கீங்க. எங்க கணக்குப்படி பத்து நிமிஷத்துல ஊர்தி வந்துடுச்சு. அப்ப நீங்க காத்திருந்தது சரி. உங்க மேல ஒரு தப்பும் இல்லை. நாற்பத்தேழு நிமிஷம்னு நான் எழுதிட்டா என்ன ஆகும்? அந்த அம்மாவைக் கொண்டுபோகாம விட்டது நீங்கன்னு ஆயிடும். எங்க கணக்கு உங்களைக் காப்பாத்துது சார். அதைப் போய் நீங்களே அழிக்கச் சொல்றீங்களே."

உங்கள் மேல் தப்பில்லை என்ற வார்த்தையை யாராவது சொல்ல மாட்டார்களா என்று இத்தனை நாளும் வாத்தியார் ஏங்கியிருந்தார். சொந்தக்காரர்கள் யாரும் சொல்லவில்லை. கடைசியில் சொல்வதற்கு இப்படி ஒரு ஆள்தானா வாய்க்க வேண்டும் என்று நினைத்தபோது அவருக்கு அழுகை வந்துவிட்டது.

"என் தப்புதான்" என்றார். "பன்னிரண்டு நிமிஷம்னு அவகிட்டச் சொன்னதே நான்தான். உங்க ஆளுங்க போட்ட அதே கணக்கைத்தான் நானும் போட்டேன். அவ நம்பினா. என் தப்பையும் சேர்த்தே எழுதிக்கோங்க. ஆனா நாற்பத்தேழு நிமிஷம்னு எழுதுங்க. அவ்வளவு நேரம் அவ வலியோட கிடந்தா சார். அது இல்லைன்னு மட்டும் சொல்லாதீங்க."

அலுவலர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அவர் கல்நெஞ்சக்காரர் இல்லை. உதவியாளரைக் கூப்பிட்டு, "சாரோட நேரத்தை அப்படியே ஏத்துக்கலாம். நாற்பத்தேழு போடுங்க" என்றார். வாத்தியார் இரண்டு கையாலும் கும்பிட்டார்.

உதவியாளர் தயங்கி நின்றார். "ஐயா, வேகம் ஏற்கெனவே எழுபத்திரண்டுன்னு முடிவாயிடுச்சு. நேரத்தை மாத்தினா தூரம் மாறும்."

"மாத்திக்கோங்க. வேகமும் நேரமும் தெரிஞ்சா தூரம் வந்துட்டுப் போகுது. சார் முன்னாடியே போடுங்க."

உதவியாளர் போட்டார். நொடிக்கு இருபது மீட்டர். நாற்பத்தேழு நிமிடத்துக்கு இரண்டாயிரத்து எண்ணூற்று இருபது நொடி. ஐம்பத்தாறு கிலோமீட்டரும் நானூறு மீட்டரும் வந்தது. பின்னம் நீக்கி ஐம்பத்தேழு என்று எழுதினார். ஒரு மணி நேரத்தில் ஆணை தட்டச்சாகி வந்தது.

'மனுதாரர் கோரியபடி, ஊர்தி வந்து சேர ஆன நேரம் நாற்பத்தேழு நிமிடம் எனத் திருத்தப்படுகிறது. இதன்படி மனுதாரரின் வீடு மையத்திலிருந்து ஐம்பத்தேழு கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. மையத்தின் சேவை எல்லை இருபத்தைந்து கிலோமீட்டர் மட்டுமே. வீடு எல்லைக்கு அப்பால் இருந்தும் மனிதாபிமானத்துடன் விரைந்து சென்ற ஓட்டுநர் பாராட்டப்படுகிறார். மனுதாரர் இனி வரும் அவசரங்களுக்குத் தமது வீட்டுக்கு அருகிலுள்ள மையத்தை அணுகுமாறு அறிவுறுத்தப்படுகிறார்.'

அடியில், கணக்கு சரி என்று மனுதாரர் கையெழுத்துப் போட ஓர் இடம் விட்டிருந்தார்கள். வாத்தியார் வரிக்கு வரி சரிபார்த்தார். பெருக்கல் சரியாக இருந்தது. கையெழுத்துப் போட்டார்.

பஸ் பிடித்து வீட்டுக்கு வந்தபோது சாயங்காலம். வீட்டைத் திறக்க மனம் வரவில்லை. பக்கத்து வீட்டு வாசலில் டெம்போக்காரர் சக்கரத்துக்குக் காற்று அடித்துக்கொண்டிருந்தார். வழக்கம்போலத் தலையைக் குனிந்தார். வாத்தியார் நேரே அவரிடம் போய்க் காகிதத்தை நீட்டினார். "படிச்சுப் பாருங்க" என்றார்.

டெம்போக்காரர் எழுத்துக்கூட்டிப் படித்தார். ஐம்பத்தேழு என்ற இடத்துக்கு வந்ததும் நிறுத்தினார்.

"யாரு சார் இதை எழுதினது? இங்கேர்ந்து அங்க பதினெட்டு நிமிஷம்."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

டெம்போக்காரர் பம்பைக் கீழே வைத்தார். துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டே நின்றார்.

"உங்ககிட்டச் சொல்லக் கூடாதுன்னு இருந்தேன் சார். அன்னைக்கு நீங்க வேண்டாம்னதும் எனக்குச் சும்மா இருக்க முடியலை. போய் ஊர்தியைக் கையோட கூட்டிட்டு வந்துடலாம்னு டெம்போவை எடுத்துட்டேன். பதினெட்டு நிமிஷத்துல அங்க நின்னேன். ஊர்தி கிளம்பவே இல்லை. டிரைவர் ஸ்டியரிங் மேல தாளை வெச்சு அஞ்சு பை பதினெட்டு போட்டுட்டு இருந்தாரு. அதைப் போட்டுச் சீல் வாங்காம கேட்டைத் திறக்க மாட்டாங்களாம். சீல் வைக்கிற ஆள் சாப்பிடப் போயிட்டாரு. நான்தான் சத்தம் போட்டுத் தேடிப் பிடிச்சுக் கூட்டிட்டு வந்தேன். பின்னாடியே நானும் வந்தேன். வந்து பார்த்தா..."

வாத்தியார் மனதுக்குள் அவர் அறியாமலே கணக்கு ஓடியது. டெம்போக்காரர் கிளம்பியபோது பத்து பதினைந்து இருக்கும். பதினெட்டு நிமிடம். பத்து முப்பத்து மூன்றுக்கு ஆஸ்பத்திரி வாசல். அந்த நேரத்தில் அவள் உயிரோடு இருந்தாள். பேசிக்கொண்டிருந்தாள்.

"ரொம்பக் குலுங்கிச்சா?" என்று கேட்டார்.

"இல்லை சார். மெதுவாப் போனாலும் பதினெட்டு நிமிஷம்தான். ரோடு நல்லாத்தான் இருந்துச்சு."

"பின்னாடி காலியாவா போச்சு?"

டெம்போக்காரர் அவரைப் பார்க்காமல் வண்டியின் பின்பக்கத்தைப் பார்த்தார்.

"மெத்தை விரிச்சிருந்தேன் சார். நீங்க சரின்னு சொல்லிடுவீங்கன்னு நினைச்சு உங்ககிட்ட வர்றதுக்கு முன்னாடியே விரிச்சுட்டேன். அவசரத்துல அதை எடுக்கத் தோணலை."